மழையைத் தடுத்து வியர்வையை வெளிவிடும் மேற்சட்டை

கடும் மழையிலும் பனிக்காற்றிலும் மலையேறுபவர் அணியும் மேற்சட்டை, வெளியிலிருந்து வரும் நீரைத் தடுப்பதோடு, உடலிலிருந்து எழும் வியர்வை ஆவியை வெளியே விடவும் வேண்டும். ரப்பர் பூசிய பழைய மழைக்கோட்டு முதல் வேலையை மட்டுமே செய்ததால், அதை அணிந்து நடந்தவர் வியர்வையால் உள்ளே நனைந்து, ஓய்வுக்காக நின்றதும் குளிரில் நடுங்கினார். உயரமான மலைகளில் இந்த ஈரம் உயிருக்கே ஆபத்தாகும்.

1969-இல் அமெரிக்காவில் ராபர்ட் கோர், டெஃப்லான் என்று அறியப்படும் பொருளாலான கம்பியைச் சூடாக்கி வெடுக்கென இழுத்தபோது, அது அறுபடாமல் நுண்துளைகள் நிறைந்த பொருளாக விரிந்தது. இதிலிருந்து உருவாகி 1976-இல் சந்தைக்கு வந்த கோர்-டெக்ஸ் மென்படலத்தின் துளைகள், நீர்த்துளி நுழைய முடியாத அளவுக்குச் சிறியவை. ஆனால் தனித்தனி மூலக்கூறுகளாகச் செல்லும் நீராவிக்கு வழிவிடும் அளவுக்குப் பெரியவை.

படலம் எவ்வளவு சிறந்ததாயினும், சட்டையின் தரத்தைத் தையலில்தான் பார்க்க வேண்டும். ஊசி குத்திய ஒவ்வோர் இடமும் நீர் நுழையும் வழியாதலால், தையற்கோடுகளின் உட்புறத்தில் வெப்பத்தால் ஒட்டும் நாடா பதிக்கப்படுகிறது. தலைமூடி தலைக்கவசத்தின்மீது பொருந்துவதோடு, தலை திரும்பும்போது பார்வையை மறைக்காமல் உடன் திரும்ப வேண்டும். ஏற்றத்தில் வெப்பம் மிகும்போது திறந்துகொள்ள அக்குளில் ஜிப் வைக்கப்படுகிறது.

மேல்துணி நீரில் ஊறிவிட்டால் ஆவி வெளியேறுவது தடைப்படும் என்பதால், நீர் ஒட்டாமல் உருண்டோடச் செய்யும் பூச்சு அதன்மேல் இடப்படுகிறது. இதற்கு நெடுங்காலம் பயன்பட்ட ஃபுளூரின் சேர்மங்கள் மண்ணிலும் நீரிலும் எளிதில் சிதைவதில்லை. எனவே அவற்றைக் கைவிடும் உற்பத்தியாளர்களின் முடிவு, மாற்றுப் பூச்சுகள் எண்ணெய்ப்பிசுக்கை அந்த அளவுக்குத் தடுக்காவிட்டாலும், வரவேற்கத்தக்கதே.