உங்களுக்குத் தெரியுமா? ஆர்ட் பேப்பரின் மேல்பூச்சு

வார இதழின் வழவழப்பான அட்டையைத் தடவும்போது உங்கள் விரல் படுவது காகிதத்தின் மேல் அல்ல, களிமண்ணின் மேல்!

கயோலின் என்ற வெள்ளைக் களிமண்ணையும் மாவாக அரைத்த சுண்ணாம்புக்கல்லையும் நீரில் கலந்து, ஒட்டிப் பிடிக்க ஸ்டார்ச் அல்லது செயற்கை லேட்டக்ஸ் சேர்த்தால் பெயிண்ட் போன்ற குழம்பு கிடைக்கும். முன்பெல்லாம் இந்தப் பசைக்குப் பாலிலிருந்து எடுத்த கேசின் புரதத்தைத்தான் பெரிதும் பயன்படுத்தினார்கள்.

ஓடும் தாளில் குழம்பைத் தாராளமாக அப்ப, மெல்லிய எஃகுத் தகடு ஒன்று மிச்சத்தை வழித்தெடுக்கிறது. தங்குவது சதுர மீட்டருக்குச் சுமார் 10 கிராம்தான். நிமிடத்துக்கு 1,000 மீட்டரைத் தாண்டி ஓடும் இயந்திரங்களும் உண்டு. அந்த வேகத்தில் தகட்டடியில் ஒரு துகள் சிக்கினாலே தாள் நெடுகக் கோடு விழும். பிறகு உருளைகளுக்கிடையே அழுத்தினால் பளபளப்பு வந்துவிடும். கண்ணாடி மாதிரி மின்ன வேண்டுமா? ஈரப் பூச்சைச் சூடான குரோமிய உருளையில் ஒட்டவைத்து உலர்த்துவார்கள்.

இத்தனை பாடும் மைக்காகத்தான். பூசாத தாளில் மை நாருக்குள் ஊறிப் பரவும். பூச்சின் மேல் புள்ளி புள்ளியாக அப்படியே நிற்கும். வண்ணப் படங்கள் துல்லியமாகத் தெரிவது இதனால்தான்.

மழையில் நனைந்த வழவழப்பு இதழ்கள் பக்கத்தோடு பக்கம் ஒட்டிக்கொள்வதும் இந்தப் பசையின் கைவரிசையே. நனைந்ததும் பிரித்துவிடுங்கள், காய்ந்தபின் இழுத்தால் படமும் உரிந்து வரும்.

பூசிய தாள்தானா என்று சந்தேகமா? வெள்ளிக் காசால் லேசாகத் தேயுங்கள். பூச்சிலுள்ள கனிமத்துகள் வெள்ளியைச் சுரண்டிக் கருங்கோடு போட்டுவிடும்.