கட்டவிழ்ந்த நாவு: மார்லன் ரிக்ஸின் ஆவணப்படங்கள்

மறைந்தவரை நினைவுகூரும் இந்த அவையில், 37 வயதில் இறந்துபோன ஒரு கறுப்பினக் கலைஞரைப் பற்றிப் பேச விரும்புகிறோம். மார்லன் ரிக்ஸ் 1957இல் அமெரிக்காவின் டெக்சாஸ் மாநிலத்தில் பிறந்தவர். ஹார்வர்டில் வரலாறும் பெர்க்லியில் இதழியலும் படித்து, பெர்க்லியிலேயே ஆசிரியரானார்.

அவருடைய முதல் முக்கியப் படம் 'எத்னிக் நோஷன்ஸ்'. கறுப்பினத்தவரை இழிவுபடுத்திய பொம்மைகள், விளம்பரங்கள், கார்ட்டூன்கள் ஆகியவற்றின் வரலாற்றை அது சொல்கிறது. அடிமைமுறை இருந்தவரை, சிரித்துக்கொண்டே ஏவல் செய்யும் அடிமையின் உருவம் பரப்பப்பட்டது. அடிமைமுறை நல்லது என்று காட்ட அது தேவைப்பட்டது. விடுதலைக்குப் பிறகு கறுப்பின ஆண் மிருகமாக வரையப்பட்டான். அடக்குமுறையை நியாயப்படுத்த அது தேவைப்பட்டது. கேலிச்சித்திரம் வெறும் கேலி அல்ல, அதிகாரத்தின் கருவி என்பதை நமக்கு இப்படம் புரியவைக்கிறது. இதற்கு எம்மி விருது கிடைத்தது.

ஆனால் அந்தப் படம் வல்லுநர் பேட்டி, பின்னணி விவரிப்பு என்ற பழகிய வடிவத்தில் இருந்தது. 1989இல் வந்த 'டங்ஸ் அன்டைட்' அந்த வடிவத்தை உடைத்தது. கவிதை, நடனம், விரல் சொடுக்கு, இதயத்துடிப்பின் ஓசை இவற்றால் ஆனது அது. கறுப்பினத் தன்பாலீர்ப்பாளரான ரிக்ஸ் தானே கேமராவின் முன் வந்து பேசினார். வெள்ளையரின் நிறவெறியை மட்டும் அவர் கேள்வி கேட்கவில்லை. தன்னைப் போன்றோரை ஏளனம் செய்த சொந்தச் சமூகத்தையும், கறுப்பினத்தவரைக் கண்டுகொள்ளாத வெள்ளைத் தன்பாலீர்ப்பாளர் உலகையும் கேட்டார். வெளியே நின்று விவரிக்கும் குரலால் இந்த இரட்டை விலக்கத்தைச் சொல்ல முடியாது. வடிவ மாற்றம் அழகுக்காக வந்ததல்ல. சொல்ல வேண்டியதே அதைக் கேட்டது.

எதிர்ப்பு உடனே எழுந்தது. 1991இல் பொதுத் தொலைக்காட்சி வலையமைப்பில் படம் வந்தபோது பல நிலையங்கள் ஒளிபரப்ப மறுத்தன. அரசுக் கலைநிதியிலிருந்து வந்த 5,000 டாலர் பெரும் சர்ச்சையானது. 1992 தேர்தலில் பாட் புக்கானன் இப்படத்தின் துண்டுக் காட்சிகளைத் தன் பிரச்சார விளம்பரத்தில் காட்டினார். கேலிச்சித்திரங்களின் வரலாற்றை எழுதியவரின் படமே வெட்டப்பட்டு இன்னொரு கேலிச்சித்திரமாயிற்று.

அதே 1992இல் தொலைக்காட்சித் தொடர்களில் கறுப்பினத்தவர் காட்டப்பட்ட விதத்தை ஆராயும் 'கலர் அட்ஜஸ்ட்மென்ட்' வெளிவந்தது. எய்ட்ஸ் நோய் முற்றிய நிலையில், மருத்துவமனைப் படுக்கையிலிருந்தும் 'பிளாக் இஸ்... பிளாக் எய்ன்ட்' படத்துக்காகப் பேசினார். யார் உண்மையான கறுப்பினத்தவர் என்று ஒரு சமூகம் தனக்குள்ளேயே வகுக்கும் அளவுகோல்களை அது சோதிக்கிறது. 1994 ஏப்ரலில் அவர் இறந்தார்; படத்தை அவருடைய குழுவினர் முடித்தனர்.

ஒடுக்கப்பட்டோரின் கலை எதிரியை நோக்கி மட்டும் பேசினால் போதாது என்பதே ரிக்ஸ் நமக்கு விட்டுச்சென்ற பாடம். நம் மேடைகளில் பெண்களும் திருநரும் தன்பாலீர்ப்பாளரும் எவ்வளவு நேரம் பேசுகிறார்கள்? அந்தக் கணக்கை நாம்தான் எடுக்க வேண்டும்.