நாகவல்லியின் குரல் யாருடையது?

சந்தாபுராவில் பாத்திரக் கடை வைத்து முப்பது ஆண்டுகளுக்கு மேலாகிறது. கல்லாவில் உட்கார்ந்தபடியே படித்தவன் நான். கல்லூரி வாசலை மிதித்ததில்லை. ஆனால் எந்தக் குத்துவிளக்கைப் பார்த்தாலும் 'இது எந்த ஊர்க் கைவேலை?' என்று கேட்காமல் வாங்கமாட்டேன். அதே கேள்வியைச் சினிமாவிலும் கேட்டுப் பார்த்தேன். அதன் பலனே இக்கட்டுரை.

பெங்களூர்த் தமிழர்களுக்கு இந்தக் கதை புதிதல்ல. 2004-இல் கன்னடத்தில் 'ஆப்தமித்ரா', 2005-இல் தமிழில் 'சந்திரமுகி'. இரண்டையும் இயக்கியவர் பி. வாசு. இவற்றுக்கு மூலம், 1993-இல் ஃபாசில் இயக்கிய 'மணிச்சித்ரத்தாழு' என்னும் மலையாளப் படம். கதை மது முட்டம் எழுதியது. கங்கா என்ற பெண், தஞ்சாவூரிலிருந்து வந்த நடனக்காரி நாகவல்லியாகவே தன்னைப் பாவித்துக்கொள்கிறாள். அப்போது அவள் வாயில் வருவது தமிழ். அந்த வேடத்துக்காக ஷோபனாவுக்குத் தேசிய விருது கிடைத்தது.

முகம் ஷோபனாவுடையது, குரல்? கங்காவுக்குப் பேசியவர் மலையாளத்தில் புகழ்பெற்ற பின்னணிக் குரல் கலைஞர் பாக்கியலட்சுமி. நாகவல்லிக்கும் அவரே பேசினார் என்றுதான் எல்லாரும் நம்பினார்கள். 2016-இல் ஃபாசில் எழுதிய பிறகே விஷயம் வெளியே வந்தது. முதலில் பாக்கியலட்சுமியே தமிழையும் பேசியிருக்கிறார். இரு குரலுக்கும் ஒற்றுமை தெரிகிறது என்று பட்டதால், துர்கா என்ற தமிழ்க் குரல் கலைஞரை அழைத்து அந்தப் பகுதிகளை மறுபடியும் பதிவு செய்திருக்கிறார்கள். இதில் பாக்கியலட்சுமி அம்மையாரைக் குறை சொல்ல ஒன்றுமில்லை, அவரும் உழைத்தவர்தான். ஆனால் துர்காவின் பெயர் ஊரறிய 23 ஆண்டுகள் ஆயிற்றே!

டப்பிங் என்றால் எழுதியதைப் படிப்பது என்று சிலர் நினைக்கிறார்கள். அப்படியில்லை. இருட்டறையில் ஒலிவாங்கி முன் நின்று, திரையில் துண்டு துண்டாக ஓடும் காட்சியைப் பார்த்து, உதடு அசையும்போது சொல் விழவேண்டும், மூடும்போது நிற்கவேண்டும். மூச்சு, விம்மல், சிரிப்பு எல்லாம் அடுத்தவர் முகத்துக்குப் பொருந்தவேண்டும். உடம்பை அசைக்காமல் குரலால் மட்டும் நடிப்பது அது.

நடிகை ரோகிணியையே பாருங்கள். திரையில் அவரை எல்லாருக்கும் தெரியும். 'பம்பாய்' (1995) படத்தில் மனிஷா கொய்ராலாவுக்கும், 'இருவர்' (1997) படத்தில் ஐஸ்வர்யா ராய்க்கும் குரல் கொடுத்தவர் அவரே என்று எத்தனை பேருக்குத் தெரியும்? முகம் தெரிந்தவருக்கே இந்த நிலை என்றால், முகம் தெரியாத துர்காக்களின் கதி என்ன? தமிழக அரசும் கேரள அரசும் பின்னணிக் குரலுக்குத் தனி விருது தருகின்றன, நல்ல காரியம். ஆயினும் விருது ஓரிருவருக்குத்தான். பெயர் போடுவது எல்லாருக்கும் செய்யக்கூடியது, செலவும் இல்லாதது.

எங்கள் சமண இல்லறத்தாருக்குச் சொன்ன ஐந்து விரதங்களில் கள்ளாமையும் ஒன்று. கல்லாப்பெட்டியில் கை வைப்பது மட்டுமா களவு? ஒருவர் உழைப்பு இன்னொருவர் கணக்கில் ஏறியிருக்க, தெரிந்தும் சும்மா இருப்பதும் அதற்குப் பக்கத்தில்தான் வரும் என்பது என் எண்ணம்.

அடுத்த முறை தொலைக்காட்சியில் அந்தப் படம் வந்தால், பிள்ளைகளை அருகில் உட்காரவைத்துச் சொல்லுங்கள்: "ஆடுவது ஷோபனா, கண்ணு, தமிழ் பேசுவது துர்கா." அந்த ஒரு வரி போதும், பழைய பாக்கி கொஞ்சம் தீரும்.