பலகைக்கு எத்தனை கை?

இரண்டாம் உலகப் போரின்போது எதிரிகளின் ரகசியச் செய்திகளை உடைப்பதற்காக பிரிட்டன் நடத்திய பிளெட்ச்லி பார்க் நிலையத்தில் டில்லி நாக்ஸ் என்ற அறிஞர் பணியாற்றினார். லூயிஸ் கரோலின் சொல் விளையாட்டுகளில் ஊறியவர். தம் குழுவுக்குப் புதிதாக வருபவர்களிடம் அவர் ஒரு கேள்வி கேட்பாராம்: கடிகார முள் எந்தப் பக்கமாகச் சுற்றும்? யோசிக்காமல் எல்லோரும் வலப்பக்கம் என்பார்கள். அது பார்க்கிறவருக்குத்தானே, கடிகாரத்துக்கு இடப்பக்கம் அல்லவா என்பார் நாக்ஸ். இது வெறும் குறும்பில்லை என்பதை அவர் குழுவில் சேர்ந்த மேவிஸ் லீவரின் கதை காட்டுகிறது. ஜெர்மன் இலக்கியம் படித்துக்கொண்டிருந்த அந்தப் பெண் 1940-இல் அங்கே வந்தபோது அவருக்கு வயது 19. ஒருநாள் அவர் கைக்கு வந்த நீளமான இத்தாலிய எனிக்மா செய்தியில் ‘எல்’ என்ற எழுத்து ஓரிடத்தில்கூட இல்லை. எனிக்மா என்ற குறியாக்க இயந்திரம் எந்த எழுத்தையும் அதே எழுத்தாக மாற்றாது. ‘எல்’லைத் தட்டினால் வேறு எந்த எழுத்தும் வரலாம், ‘எல்’ மட்டும் வராது. அப்படியானால் செய்தி அனுப்பியவர் ஒப்புக்கு ஒரு சோதனைச் செய்தி அனுப்புவதற்காக ‘எல்’ விசையையே விடாமல் தட்டிக்கொண்டிருந்திருக்கிறார்! பூட்டிய செய்தி அந்த ஓர் ஊகத்தில் திறந்துகொண்டது. மற்றவர்கள் தாளில் இருந்த எழுத்துகளைப் படித்தார்கள். லீவர் இல்லாத எழுத்தைப் படித்தார்.

இணையப் பாதுகாப்புத் துறையில் வேலை தேடும் இளைஞர்கள் இன்று சான்றிதழ்த் தேர்வுகளுக்குத் தயாராகும்போது, தடித்த புத்தகங்களையும் மாதிரி வினாத்தாள்களையும் மனப்பாடம் செய்கிறார்கள். செக்யூரிட்டி பிளஸ் தேர்வில் 90 நிமிடங்களில் அதிகபட்சம் 90 கேள்விகள். 100 முதல் 900 வரையிலான அளவில் 750 எடுத்தால் தேர்ச்சி. சிஐஎஸ்எஸ்பி தேர்வு 3 மணி நேரம், 100 முதல் 150 கேள்விகள். நாம் விடையளிக்கும் விதத்தைப் பார்த்து அடுத்த கேள்வியைக் கணினியே தேர்ந்தெடுக்கும். பாடம் தெரியாமல் இவற்றில் தேற முடியாது. ஆனால் பாடம் தெரிந்தும் தேறாதவர்கள் ஏராளம். முதலில் தோன்றும் பொருளை உடனே நம்பிவிடாமல் நிறுத்திவைக்கும் பழக்கம் அவர்களிடம் இல்லாததே இதற்கு ஒரு முக்கியக் காரணம். அந்தப் பழக்கத்துக்கு மலிவான, சலிப்பில்லாத பயிற்சிக்களம் சொல் விளையாட்டு விடுகதை. அதைச் சரியான முறையில் பயன்படுத்தினால் பலன் உண்டு, சும்மா விளையாடிவிட்டுப் போனால் இல்லை என்பதுதான் இந்தக் கட்டுரையின் வாதம்.

தேர்வில் வரும் வகையில் ஒரு கேள்வியை அமைத்துப் பார்ப்போம். ஓர் அலுவலகக் கணினியில் கோப்புகள் ஒவ்வொன்றாகப் பூட்டிக்கொண்டே போகின்றன. பணம் கேட்டு மிரட்டும் அறிவிப்பும் திரையில் வந்துவிட்டது. பாதுகாப்பு அலுவலர் முதலில் செய்ய வேண்டியது என்ன? காப்புப் பிரதியிலிருந்து கோப்புகளை மீட்பதா, கணினியை நெட்வொர்க்கிலிருந்து துண்டிப்பதா, போலீசில் புகார் கொடுப்பதா, வைரஸ் எந்த வழியாக நுழைந்தது என்று ஆராய்வதா? நான்குமே செய்ய வேண்டியவைதான். பாடத்தை நன்றாகப் படித்தவருக்கு நான்குமே சரியாகத் தோன்றும். குழப்பம் வருவதே அதனால்தான். இங்கே ‘முதலில்’ என்ற சொல்தான் சாவி. தீ பரவாமல் தடுத்த பிறகுதான் மற்றதெல்லாம். எனவே துண்டிப்பதே விடை. அதே கேள்வியில் ‘முதலில்’ என்பதை எடுத்துவிட்டு ‘இது மறுபடி நிகழாமலிருக்க’ என்று போட்டால் விடை நுழைந்த வழியை ஆராய்வதற்கு மாறிவிடும். சூழல் ஒன்று, விடைகள் நான்கும் அவையே. அந்த ஓரிடம் மட்டும் மாறியிருக்கிறது. ‘மிகச் சிறந்தது’, ‘பொருந்தாதது’, ‘இதைத் தவிர’ போன்ற சொற்களை இந்தத் தேர்வுகள் இப்படித்தான் பயன்படுத்துகின்றன. விடுகதை போடுகிறவரும் இதைத்தான் செய்கிறார். எல்லோர் கண்ணிலும் படும் இடத்தில் சாவியை வைத்துவிட்டு, நம் கவனத்தை வேறு பக்கம் இழுத்துவிடுகிறார்.

தமிழ் இலக்கணம் இந்த வித்தையை வெகு காலம் முன்பே வகைப்படுத்தி வைத்திருக்கிறது. பிரிக்காமல் நின்றே இரண்டு பொருள் தருவது செம்மொழிச் சிலேடை. வேறு விதமாகப் பிரிப்பதால் வேறு பொருள் தருவது பிரிமொழிச் சிலேடை. ‘கழுத்தில் கிடந்தால் மணக்கும், வானில் வந்தால் சிவக்கும், அது என்ன?’ என்று கேட்டால் விடை மாலை. சொல் உடையவில்லை; இடம்தான் பொருளை மாற்றுகிறது. ‘ஒரு கையும் கிடையாது, பேரிலே மட்டும் பல கை, அது என்ன?’ என்று கேட்டால் விடை பலகை. இங்கே எழுத்துகள் அப்படியே இருக்கின்றன. நாம் வெட்டும் இடம்தான் மாறியிருக்கிறது. பள்ளிக்கூடத்தில் தாமரையையும் வேங்கையையும் வைத்துப் பொதுமொழி என்று படித்தோமே, அதுவும் இதுதான். இந்த இரு வகைகளையும் மனதில் வைத்துக்கொண்டு கணினித் தாக்குதல்களைப் பார்த்தால் அவற்றில் பலவும் சிலேடையாகவே தெரியும்.

எஸ்க்யூஎல் இன்ஜெக்‌ஷன் என்ற பழைய தாக்குதல் சுத்தமான பிரிமொழிச் சிலேடை. ஓர் இணையதளத்தில் பெயரைத் தட்டச் சொல்லும் பெட்டி இருக்கிறது. பின்னால் இருக்கும் நிரல், பெயர் = ‘……’ ஆக உள்ளவரைக் காட்டு என்று தரவுதளத்திடம் கேட்கிறது. புள்ளியிட்ட இடத்தில் முருகன் என்று தட்டினால் முருகனின் விவரம் வரும். ஒருவர் அங்கே பெயருக்குப் பதிலாக மேற்கோள் குறி ஒன்றைத் தட்டி, அதையடுத்து ‘அல்லது 1=1’ என்ற பொருள்படத் தட்டுகிறார் என்று வைத்துக்கொள்வோம். அந்த மேற்கோள் குறியைப் பெயரின் முடிவு என்று தரவுதளம் எடுத்துக்கொள்கிறது. அதன்பின் வருவது பெயராக இல்லாமல் கட்டளையாகிவிடுகிறது. ஒன்று எப்போதும் ஒன்றுக்குச் சமம் என்பதால் எல்லோருடைய விவரமும் வெளியே கொட்டுகிறது. பலகை பல கை ஆன கதைதான். பாதுகாப்பானது என்று பரிந்துரைக்கப்படும் தீர்வும் இதே தர்க்கத்தில் பிறந்தது: எது கட்டளை, எது பயனர் தரும் சொல் என்பதை நிரலாளரே முன்கூட்டிப் பிரித்துவைத்து, வேறு விதமாக வெட்ட வாய்ப்பே தராமலிருப்பது. செம்மொழி வகைக்கும் உதாரணம் உண்டு. விண்டோஸ் கணினியிலேயே வரும் பவர்ஷெல் என்ற கருவியை அலுவலக நிர்வாகியும் பயன்படுத்துகிறார், உள்ளே நுழைந்த திருடனும் பயன்படுத்துகிறான். கருவி ஒன்றுதான், யார், எந்த நேரத்தில், எதற்காக என்பதைப் பார்த்தால்தான் அது கழுத்து மாலையா அந்தி மாலையா என்று தெரியும்.

போலி இணைப்புகளும் இப்படித்தான். ‘நம்வங்கி.காம்.உறுதிசெய்.நெட்’ என்ற வடிவில் ஒரு முகவரி வந்தால் கண் இடப்பக்கம் தெரியும் வங்கியின் பெயரைப் பிடித்துக்கொள்கிறது. ஆனால் இணைய முகவரியின் உரிமையாளர் யார் என்பது வலப்பக்கக் கோடியில் இருக்கிறது, இது ‘உறுதிசெய்.நெட்’ வைத்திருப்பவரின் தளம். தமிழருக்கு இது புதிதல்ல. ‘கலெக்டர் ஆபீஸ் பியூன்’ என்றால் வருவது பியூன்தான், கலெக்டர் அல்ல. நம் சொற்றொடரிலும் கடைசிச் சொல்தான் ஆளைச் சொல்கிறது. எழுத்து அளவிலும் ஏமாற்று உண்டு. 2017-இல் ஓர் ஆய்வாளர் ஆப்பிள் நிறுவனத்தின் முகவரி போலவே கண்ணுக்குத் தெரியும் ஒன்றை முழுக்க சிரிலிக் எழுத்துகளால் பதிவு செய்து காட்டினார். அன்றைய குரோம், ஃபயர்பாக்ஸ் உலாவிகளில் வேறுபாடு தெரியவில்லை. தமிழ் எண்ணான ௧, எழுத்தான க போலவே இருக்கிறது. ௨, ௭, ௮ ஆகியவையும் உ, எ, அ ஆகியவற்றோடு குழம்பக்கூடியவை. ஔவை என்பதை ஒ, ள என்று இரண்டு எழுத்தாகத் தட்டி ‘ஒளவை’ என்று எழுதுவதை நாள்தோறும் பார்க்கிறோம். நமக்கு இரண்டும் ஒரே பாட்டி. கணினிக்கு இரண்டு வெவ்வேறு சொற்கள். .இந்தியா, .இலங்கை, .சிங்கப்பூர் என்று தமிழிலேயே முகவரிகள் வந்துவிட்ட காலத்தில் இது வெறும் எழுத்துப்பிழை விவகாரமாக நின்றுவிடாது.

படித்தவர்களே ஏன் இதில் சறுக்குகிறார்கள் என்பதற்கு 1942-இல் ஏபிரகாம் லூச்சின்ஸ் என்ற உளவியலாளர் வெளியிட்ட சோதனை நல்ல விளக்கம் தருகிறது. 21, 127, 3 அளவுள்ள மூன்று குடங்களைக் கொண்டு 100 அளவு நீர் எடுக்க வேண்டும். பெரிய குடத்தை நிரப்பி, அதிலிருந்து முதல் குடத்தை ஒரு முறையும் சிறிய குடத்தை இரு முறையும் கழித்தால் சரி. இதே வழியில் தீரும் கணக்குகளை வரிசையாகக் கொடுத்துவிட்டு, கடைசியில் 23, 49, 3 அளவுக் குடங்களால் 20 எடுக்கச் சொன்னார். 23-இல் 3 போனால் 20 என்பது சின்னப் பிள்ளைக்கும் தெரியும். ஆனால் முன்கணக்குகளைச் செய்து பழகியவர்களில் பெரும்பாலானோர் 49-இலிருந்து 23-ஐக் கழித்து, பின்னும் இரண்டு முறை மூன்றைக் கழித்தார்கள். மாதிரி வினாத்தாள்களை மட்டுமே நூற்றுக்கணக்கில் போட்டுப் பழகுகிறவருக்கும் இந்த ஆபத்து இருக்கிறது. லூச்சின்ஸ் சிலரிடம் ‘குருடாக இருக்காதே’ என்று தாளில் எழுதிக்கொள்ளச் சொன்னார். அவர்களில் கணிசமானவர்கள் குறுக்குவழியைக் கண்டுகொண்டார்கள். பழக்கம் கட்டிப்போட்ட மனதை ஓர் எச்சரிக்கையால் ஓரளவேனும் அவிழ்க்க முடிகிறது. சொல் விளையாட்டு விடுகதை அந்த எச்சரிக்கையை ஒவ்வொரு முறையும் புதிதாகத் தருகிறது. முதலில் வந்த விடை அதில் பெரும்பாலும் தோற்கும்.

இதற்கு எழும் முதல் மறுப்பு வலுவானது. 1942 ஜனவரியில் லண்டனின் டெய்லி டெலிகிராஃப் நாளிதழ் தன் குறுக்கெழுத்துப் புதிரை 12 நிமிடங்களுக்குள் முடிக்கும் போட்டி ஒன்றை நடத்தியது. அதில் கலந்துகொண்டவர்களில் சிலர் பிறகு பிளெட்ச்லி பார்க் வேலைக்கு அழைக்கப்பட்டார்கள். புதிர் அவர்களுக்கு அறிவை ஊட்டியது என்பதற்கு இது சான்றாகுமா? ஆகாது. ஏற்கெனவே திறமை உள்ளவர்களைப் பொறுக்கியெடுக்கப் புதிர் உதவியது, அவ்வளவே. பக்கிங்ஹாம் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் ஃப்ரீட்லாண்டரும் ஃபைனும் சிலேடைக் குறுக்கெழுத்து ஆர்வலர்களை ஆராய்ந்து 2016-இல் வெளியிட்ட கட்டுரையில், அதன் வல்லுநர்களில் அறிவியல், கணிதம், கணினித் துறையினர் அதிகம் என்று கண்டார்கள். கணினிக்காரர்களைப் புதிர் ஈர்க்கிறது என்றும் இதைப் படிக்கலாம். எனவே புதிர் போட்டாலே மூளை கூர்மையாகிவிடும் என்று விற்கப்படும் செயலிகளை நம்ப வேண்டியதில்லை.

ஆனால் விவகாரம் அங்கேயே முடிந்துவிடவில்லை. மேரி கிக், கீத் ஹோலியோக் என்ற இருவர் 1980-இல் செய்த ஆய்வு, ஒரு துறையில் கற்ற தந்திரம் இன்னொன்றுக்கு எப்போது தாவும் என்பதைக் காட்டியது. உடலுக்குள் ஒரு கட்டி. அதை அழிக்கும் வலுவுள்ள கதிர் வழியிலுள்ள நல்ல சதையையும் எரித்துவிடும். என்ன செய்வது? இதைக் கேட்பதற்கு முன், பல சாலைகள் வழியாகச் சிறு சிறு படைகளை அனுப்பி ஒரே நேரத்தில் கோட்டையைத் தாக்கிய தளபதியின் கதையைச் சொன்னார்கள். பல திசைகளிலிருந்து மெல்லிய கதிர்களைப் பாய்ச்சி ஒரு புள்ளியில் குவிப்பதே விடை என்றாலும், கதையைப் படித்தும் பலருக்கு அது தானாகத் தோன்றவில்லை. ‘அந்தக் கதை உதவலாம்’ என்று ஒரு வார்த்தை சொன்னதும் பெரும்பாலானவர்கள் கண்டுபிடித்துவிட்டார்கள். ஒத்த இரண்டு கதைகளை ஒப்பிட்டுப் பார்க்க வைத்தபோது தானாகத் தோன்றுவதும் கூடியதாக 1983-இல் அவர்களே காட்டினார்கள். பல கணினிகளிலிருந்து சிறு சிறு கோரிக்கைகளைக் குவித்து ஒரு தளத்தை முடக்கும் டிடிஓஎஸ் தாக்குதலுக்கும் அந்தத் தளபதியே குரு. பாடம் தெளிவு: தந்திரம் தானாகத் தாவாது, நாம்தான் பாலம் போட வேண்டும்.

அந்தப் பாலம் பெரிய ஏற்பாடு எதையும் கேட்பதில்லை. ஒரு விடுகதையைப் போட்டதும் முதலில் தோன்றிய விடையை, தவறானாலும், எழுதிக்கொள்ள வேண்டும். சரியான விடை தெரிந்த பிறகு, எந்த ஊகம் நம்மை ஏமாற்றியது என்று ஒரு வரி எழுத வேண்டும்: சொல்லை வெட்டிய இடமா, பார்த்த பக்கமா, இல்லாததைக் கவனிக்காததா? மூன்றாவதாக, அதே ஏமாற்று நடக்கும் ஒரு பாதுகாப்புச் சம்பவத்தைப் பக்கத்தில் எழுத வேண்டும். பலகைக்கு எதிரே எஸ்க்யூஎல் இன்ஜெக்‌ஷன், மாலைக்கு எதிரே பவர்ஷெல், லீவரின் ‘எல்’லுக்கு எதிரே, வழக்கமாக வரவேண்டிய பதிவு திடீரென்று வராமல் போன சர்வர். மாதிரித் தேர்வில் தவறிய கேள்விகளுக்கும் இதே மூன்று வரிகளை எழுதினால், பாடம் தெரியாமல் தவறியது எது, சொல்லைத் தவறாகப் படித்ததால் தவறியது எது என்று தனித்தனியாகத் தெரிந்துவிடும். முன்னதற்குப் புத்தகமும் பின்னதற்கு விடுகதையும் மருந்து.

பிற மறுப்புகளுக்கும் இங்கேயே பதில் இருக்கிறது. போர்ட் எண்களும் குறியாக்க முறைகளும் விடுகதையால் தெரிந்துவிடுமா என்றால், தெரியாது. படித்துத்தான் ஆக வேண்டும். இந்தத் தேர்வுகளை நம்மவர்கள் பெரும்பாலும் ஆங்கிலத்தில் எழுதுகிறார்கள், தமிழ் விடுகதை எதற்கு என்றால், சிலேடை மொழிக்கு மொழி மாறும், ஆனால் ‘இதை வேறு எங்கே வெட்டலாம்’ என்று கேட்கும் மனம் மாறாது. அந்த மனம் தாய்மொழியில்தான் சுலபமாகப் பழகும். ஆங்கிலத் தேர்வின் சொற்கட்டுகளைத் தனியாகப் பழகிக்கொள்ள வேண்டியதும் உண்மை. கடைசி மறுப்பு இன்னும் ஆழமானது: விடுகதைக்கு ஒரு விடை இருக்கிறது என்று முன்கூட்டியே தெரியும், நிஜத் தாக்குதலில் புதிர் ஒன்று இருக்கிறது என்றே யாரும் சொல்ல மாட்டார்கள். இதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். விடை உண்டென்று தெரிந்து தேடுவதில் விடுகதையும் தேர்வும் ஒரே ஜாதி. வேலை வேறு ஜாதி. அதனால்தான் பாலத்தின் மூன்றாவது வரி முக்கியமாகிறது. யாரும் கேள்வி கேட்காத இடத்தில், ஒழுங்காகத் தெரியும் ஒரு முகவரியைப் பார்த்து, ‘இது பலகையா, பல கையா?’ என்று தன்னையே கேட்டுக்கொள்ள ஒருவருக்குத் தோன்றிவிட்டால், சான்றிதழ் வாங்கிய பிறகும் அந்தப் பயிற்சி அவரோடு வேலைக்கு வரும்.