பன்றி நகரத்தில் ஒரு பந்தி

அமெரிக்காவின் சின்சினாட்டி நகருக்குப் போகிறவர்கள், ஓஹியோ ஆற்றங்கரைப் பூங்காவில் சிறகு முளைத்த பன்றிச் சிலைகளைப் பார்க்கலாம். ஆண்டுதோறும் அங்கே நடக்கும் மாரத்தான் ஓட்டத்தின் பெயரே ‘பறக்கும் பன்றி’. காரணம் இல்லாமல் இல்லை. 1830-களில் அமெரிக்காவிலேயே அதிகமாகப் பன்றி அறுத்து, உப்பிட்டு, பீப்பாயில் அடைத்து அனுப்பிய ஊர் இது. மந்தை மந்தையாகப் பன்றிகள் நடுத்தெருவில் நடந்தே கசாப்புக் கொட்டகைக்குப் போகும். ‘போர்க்கோபோலிஸ்’, அதாவது பன்றி நகரம் என்று பட்டப்பெயரே விழுந்துவிட்டது.

பன்றி இறைச்சி ஆகாது என்று வேதமே விலக்கி வைத்த சமூகம் யூதர்கள். அவர்கள் போய்ச் சேர்ந்ததோ இந்த ஊருக்கு! மத்திய மேற்கு அமெரிக்காவில் யூத வாழ்வின் கதையை எந்த நகரத்திலிருந்து சொல்ல ஆரம்பித்தாலும், சுற்றிச் சுற்றிச் சின்சினாட்டியில்தான் வந்து நிற்கும். அந்தக் கதையில் பாதி, சாப்பாட்டைப் பற்றிய கதை.

1817 மார்ச் 8 அன்று ஜோசப் ஜோனாஸ் என்ற இளைஞர் இங்கே வந்து இறங்கினார். இங்கிலாந்துக்காரர், கடிகாரம் செய்பவர். மலைகளைத் தாண்டி மேற்கே போகாதே, அங்கே புறச்சமயத்தாரோடு கலந்து உன் மதத்தையே மறந்துவிடுவாய் என்று கிழக்குக் கரையில் இருந்த நண்பர்கள் தடுத்துப் பார்த்தார்கள். அவர் கேட்கவில்லை. யூதரையே பார்த்திராத சுற்றுவட்டாரத்து மக்கள் அவரை வேடிக்கை பார்க்க வந்தார்கள். குவேக்கர் என்ற கிறிஸ்தவப் பிரிவைச் சேர்ந்த மூதாட்டி ஒருவர் அவரை இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்துவிட்டு, மற்றவர்களைப் போலத்தானே இருக்கிறாய் என்று சொன்னாராம். இதைப் பின்னாளில் எழுதிவைத்தவர் ஜோனாஸேதான். யூத மரபின்படி கூட்டு வழிபாடு நடக்க வேண்டுமானால் வயதுவந்த ஆண்கள் பத்துப் பேர் வேண்டும். ஜோனாஸோ இரண்டு ஆண்டுகளுக்கும் மேலாக ஊரில் ஒற்றை ஆள்.

வழிபட இடம் அமையும் முன்பே இவர்களுக்குப் புதைக்க இடம் அமைந்துவிட்டது. 1821-இல் பெஞ்சமின் லைப் என்பவர் சாகக் கிடந்தார். கிறிஸ்தவராகவே வாழ்ந்து வந்தவர்; அவர் யூதர் என்பதே பலருக்குத் தெரியாது. இருந்த சில யூதர்களைப் படுக்கையருகே அழைத்து, தன்னை யூத முறைப்படி அடக்கம் செய்யும்படி கேட்டுக்கொண்டார். ஊரின் பெரிய நிலக்கிழார் நிக்கலஸ் லாங்வொர்த்திடம் 75 டாலருக்கு ஒரு துண்டு நிலம் வாங்கினார்கள். செஸ்ட்நட் தெருவில் உள்ள அந்தக் குட்டி இடுகாடுதான் அலகேனி மலைத்தொடருக்கு மேற்கே முதல் யூத இடுகாடு. 1849-இல் காலரா வந்து அதை நிரப்பிவிட்டுப் போனது. அன்று பூட்டியதுதான்.

1824-இல் ‘பெனே இஸ்ரயேல்’ என்ற சபை உருவானது. 1836-இல் அதற்குச் சொந்தமாக ஜெப ஆலயம் எழும்பியது. கட்டுமான நிதிக்கு ஊர்க் கிறிஸ்தவர்கள் 52 பேர் தலைக்கு 25 டாலர் கொடுத்ததாக ஜோனாஸின் நினைவுக் குறிப்பு சொல்கிறது. ஐரோப்பாவில் அன்றைக்கு இதை யாரும் நம்பியிருக்க மாட்டார்கள்.

அடுத்து வந்தவர்கள் ஜெர்மன் யூதர்கள். முதுகில் மூட்டை, அதில் ஊசி, நூல், துணி, கண்ணாடி. ஓஹியோ, இந்தியானா, கென்டக்கிப் பண்ணை வீடுகளுக்கு நடந்தே போய் விற்றார்கள். மூட்டை குதிரைவண்டியானது, வண்டி கடையானது, கடை ஆயத்த ஆடை மொத்த வியாபாரமானது. உள்நாட்டுப் போரில் வடக்குப் படைக்குச் சீருடை தைத்துக் கொடுத்ததில் இந்த ஊர் ஆடை வியாபாரிகளுக்குப் பெரும் பங்கு உண்டு. 1850-இல் ஒரு மருத்துவமனையும் தொடங்கினார்கள். அமெரிக்காவின் முதல் யூத மருத்துவமனை அதுதான்.

இந்தச் சமூகத்துக்கு 1854-இல் வாய்த்த தலைவர் ஐசக் மேயர் வைஸ். பொஹீமியாவில் பிறந்தவர், ரபி, அதாவது யூத மதகுரு. அவர் வரும்போதே சண்டைக்காரர் என்ற பெயரும் கூடவே வந்தது. நியூயார்க் மாநிலத்தின் ஆல்பனியில் குருவாக இருந்தபோது, 1850-ஆம் ஆண்டு யூதப் புத்தாண்டு தினத்தன்று, வழிபாட்டின் நடுவிலேயே சபைத் தலைவர் இவரை அடித்துவிட்டார். ஆலயத்துக்குள் கைகலப்பு, கூட்டத்தைக் கலைக்கக் காவலர்கள் வர வேண்டியதாயிற்று. பிறகு புதிய சபை கண்டு, ஆண்களும் பெண்களும் குடும்பமாகச் சேர்ந்து உட்காரும் வழக்கத்தைப் புகுத்தியவர் வைஸ். அதுவரை பெண்களுக்கு மாடத்தில்தான் இடம்.

சின்சினாட்டிக்கு வந்த ஆண்டே ‘தி இஸ்ரலைட்’ என்ற வாரப் பத்திரிகையைத் தொடங்கினார். பெயர் கொஞ்சம் மாறி ‘தி அமெரிக்கன் இஸ்ரலைட்’ என்று அது இன்றும் வெளிவருகிறது. மறு ஆண்டு, ஜெர்மன் மொழியில் இன்னொரு பத்திரிகை. அவருடைய கனவு பெரியது. கிழக்கு, மேற்கு, ஜெர்மன், போலிஷ், பழமை, புதுமை என்ற பிரிவெல்லாம் இல்லாமல் அமெரிக்க யூதர்கள் அத்தனை பேருக்கும் ஒரே பிரார்த்தனைப் புத்தகம், ஒரே கூட்டமைப்பு, ஒரே குருகுலம். எல்லோரையும் ஒரே பந்தியில் உட்கார வைத்துவிட வேண்டும் என்பதுதான் சுருக்கம்.

இடையில் 1862 டிசம்பரில் வடக்குப் படைத் தளபதி கிரான்ட் ‘ஆணை எண் 11’ என்ற ஒன்றைப் பிறப்பித்தார். பருத்திக் கள்ளச்சந்தையைத் தடுப்பதாகச் சொல்லி, தன் படையின் ஆளுகையில் இருந்த டென்னசி, மிசிசிப்பி, கென்டக்கிப் பகுதிகளிலிருந்து யூதர்கள் எல்லோரையும் வெளியேற்ற உத்தரவு. அமெரிக்க வரலாற்றில் இப்படி ஓர் ஆணை அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. கென்டக்கியின் படூக்காவிலிருந்து துரத்தப்பட்ட வணிகர் சீசர் காஸ்கல் நேராக வாஷிங்டன் போனார். சின்சினாட்டியின் நாடாளுமன்ற உறுப்பினர் ஜான் கர்லி அவரை அதிபர் லிங்கனிடம் அழைத்துச் சென்றார். ஆணை ரத்தானது. அதன் பிறகு நன்றி சொல்லப் போன குழுவில் வைஸும் இருந்தார்.

போர் முடிந்த மறு ஆண்டு, 1866-இல், வைஸ் குருவாக இருந்த இன்னொரு சபை பிளம் தெருவில் புதுக் கோயிலைத் திறந்தது. ஒரு பக்கம் பார்த்தால் மசூதி போல இரண்டு மினார்கள். முகப்பில் தேவாலயத்தில் உள்ளதுபோல் வட்டச் சாளரம். உள்ளே தரை தவிர மிச்ச இடமெல்லாம் வண்ணக் கோலம். ஸ்பெயினில் முஸ்லிம் ஆட்சியின் கீழ் யூதர்கள் செழித்திருந்த காலத்தை நினைவூட்டத்தான் அந்த மூரிஷ் பாணி என்பார்கள். எதிரே கத்தோலிக்கப் பேராலயம். இதைவிடத் துணிச்சலாக ‘நாங்கள் இங்கேதான் இருக்கப் போகிறோம்’ என்று ஒரு சமூகம் கல்லில் சொல்லியிருக்க முடியாது.

1873-இல் சபைகளின் கூட்டமைப்பு கைகூடியது. 1875-இல் ஹீப்ரு யூனியன் கல்லூரி பிறந்தது. அமெரிக்க மண்ணிலேயே ரபிகளைப் பயிற்றுவிக்கும் முயற்சிகள் அதுவரை நிலைக்கவில்லை, இது நிலைத்தது. எட்டு ஆண்டு கழித்து நான்கு மாணவர்கள் பட்டம் பெற்றார்கள். அன்றைக்கு ஒரு விருந்து நடந்தது.

1883 ஜூலை 11. நாடெங்கிலுமிருந்து ரபிகளும் சபைப் பிரதிநிதிகளும் வந்திருந்தார்கள். பழமைவாதிகள், சீர்திருத்தக்காரர்கள் இரு தரப்பும். மவுண்ட் ஆடம்ஸ் குன்றின் மேலிருந்த ஹைலேண்ட் ஹவுஸ் என்ற விடுதியில் இரவு விருந்து. பிரெஞ்சும் ஆங்கிலமும் கலந்து அச்சிட்ட உணவுப் பட்டியல். முதலில் வந்தது மட்டி. பிறகு மெல்லோட்டு நண்டு. இறால் சாலட். க்ரீமில் வேகவைத்த தவளைக்கால். மாட்டிறைச்சியும் உண்டு, கடைசியில் ஐஸ்கிரீமும் பாலாடைக்கட்டியும் உண்டு.

யூத உணவு விதியை ஓரளவு அறிந்தவர்களுக்கு இது எவ்வளவு பெரிய விபரீதம் என்று புரியும். நீர்வாழ் உயிர்களில் செதிலும் துடுப்பும் உள்ளவற்றை மட்டுமே உண்ணலாம். மட்டி, நண்டு, இறால் கூடாது. தவளை கூடவே கூடாது. இறைச்சியும் பாலும் ஒரே வேளையில் சேரக் கூடாது. விதிகளை ஒவ்வொன்றாக எடுத்து மீறியதுபோல் இருந்தது அந்தப் பட்டியல். ஆனால் ஒன்றை மட்டும் காணோம். பன்றி நகரத்தின் அந்த விருந்தில் பன்றி இல்லை! மட்டி பரவாயில்லை, பன்றிதான் பாவம் என்ற சௌகரியமான எல்லைக்கோட்டை அந்த ஊர்ப் பணக்கார யூதர்கள் தங்களுக்குள் எப்போதோ போட்டுக்கொண்டிருந்தார்கள். சமையலை ஏற்றிருந்தவரும் யூதர்தான். அவர் அறியாமல் செய்த பிழை என்று நம்புவதற்கு ரொம்பவே நல்ல மனசு வேண்டும்.

மட்டித் தட்டு முன்னால் வந்ததும் ரபிகள் இருவர் எழுந்து வெளியேறினார்கள் என்று, அன்று பட்டம் பெற்ற நால்வரில் ஒருவரான டேவிட் பிலிப்சன் பின்னாளில் எழுதினார். வைஸுக்கு முன்கூட்டியே தெரியுமா என்பதில் வரலாற்றாசிரியர்கள் ஒத்துப்போவதில்லை. தெரியாது என்றே வைத்துக்கொண்டாலும், பிறகு அவர் நடந்துகொண்ட விதம் வினையைப் பெரிதாக்கியது. வருத்தம் தெரிவிக்கவில்லை, குறை சொன்னவர்களைச் சமையல்கட்டு மதக்காரர்கள் என்று கேலி செய்தார். உடனே ஒன்றும் உடைந்துவிடவில்லை. ஆனால் ஒதுங்கியவர்கள் ஒதுங்கியவர்களே. மூன்றாண்டுக்குள் நியூயார்க்கில் தனிக் குருகுலம் உருவாகி, ‘கன்சர்வேடிவ்’ யூத மரபுக்கு அடித்தளமானது. பிளவுக்கு விருந்து மட்டுமே காரணமல்ல. 1885-இல் சீர்திருத்தவாதிகள் உணவு விதிகளையே காலாவதியானவை என்று வெளிப்படையாக அறிவித்ததுதான் பெரிய காரணம். இருந்தாலும் ஒரே பந்தி கேட்டவரின் கனவு பந்தியிலேயே கலைந்தது என்பதை மறுக்க முடியாது.

இதே ஊரில், ஐந்தே ஆண்டு கழித்து நேர் எதிரான ஒன்று நடந்தது. லிதுவேனியாவிலிருந்து வந்திருந்த டோவ் பேர் மனிஷெவிட்ஸ் 1888-இல் மாட்ஸா அடுமனை திறந்தார். பஸ்கா பண்டிகையில் யூதர்கள் உண்ணும் புளிப்பில்லாத அப்பம்தான் மாட்ஸா. மாவில் தண்ணீர் பட்டதிலிருந்து 18 நிமிடத்துக்குள் அடுப்பில் வெந்தாக வேண்டும். தாண்டினால் புளிக்கத் தொடங்கிவிட்டதாகக் கணக்கு. இதை இயந்திரத்தில் செய்யலாமா என்று ஐரோப்பிய ரபிகள் பல பத்தாண்டுகளாகச் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். பல்சக்கரத்தில் ஒட்டிய மாவு புளித்தால் என்ன செய்வது என்றார்கள். கையால் தட்டிப் பிழைக்கும் ஏழை விதவைகளின் கதி என்ன என்றும் கேட்டார்கள். மனிஷெவிட்ஸ் வாதிட்டுக்கொண்டிருக்கவில்லை. இயந்திரத்தை மேம்படுத்தினார், தம் பிள்ளைகளை எருசலேமுக்குப் படிக்க அனுப்பினார், அங்குள்ள ரபிகளின் ஒப்புதலைப் பெற்று விளம்பரம் செய்தார். கையால் தட்டினால் கோணல்மாணலான வட்டமாக வந்த மாட்ஸா, பெட்டியில் அடுக்கத் தோதான சதுரமானது. ஆசாரத்தைக் காப்பாற்ற இயந்திரத்தைத் துணைக்கு அழைத்த அவரை, ஆசாரத்தைத் தளர்த்திய வைஸுக்குக் குறைந்த புரட்சிக்காரர் என்று சொல்ல முடியாது.

மனிஷெவிட்ஸைப் போலக் கிழக்கு ஐரோப்பாவிலிருந்து வந்தவர்கள் வெஸ்ட் எண்ட் பகுதியின் நெருக்கடியான வீடுகளில் குடியேறினார்கள். பழைய ஜெர்மன் யூதர்களோ வால்நட் ஹில்ஸ், ஆவொண்டேல் என்று மேட்டுப் பகுதிகளுக்கு நகர்ந்துகொண்டிருந்தார்கள். ஈஸ்ட் வியாபாரத்தில் கோலோச்சிய ஃப்ளைஷ்மன் குடும்பத்தைச் சேர்ந்த ஜூலியஸ் 1900-இல் நகர மேயரானார். வழக்கறிஞர் மரே சீசன்குட் 1920-களில் ஊழல் நகராட்சியைச் சீர்திருத்தி மேயரானார்.

ஜெர்மனியில் நாஜிகள் ஆட்சிக்கு வந்தபோது ஹீப்ரு யூனியன் கல்லூரி ஐரோப்பிய யூத அறிஞர்கள் சிலருக்கு வேலை கொடுத்து உயிர் காத்தது. அவர்களில் ஒருவர் ஏப்ரஹாம் யோசுவா ஹெஷல். 1940-இல் வந்து சேர்ந்தார். உயிர் தந்த கல்லூரியின் உணவுக்கூடமோ கோஷர் என்னும் யூத உணவு விதிப்படி நடக்கவில்லை. அவர் விடுதி அறையிலேயே தனியாக உணவு வைத்துக்கொண்டு சாப்பிட்டார். 1945-இல் நியூயார்க்கின் கன்சர்வேடிவ் குருகுலத்துக்கு மாறிப் போனார். அந்த 1883 விருந்தை மறந்தவர்கள் இந்த இடத்தில் அதை நினைத்துக்கொள்ளலாம்.

போருக்குப் பின் நெடுஞ்சாலைக்காகவும் நகரச் சீரமைப்புக்காகவும் வெஸ்ட் எண்டை இடித்தார்கள். அங்கிருந்து விரட்டப்பட்ட கருப்பின மக்கள் பலர் ஆவொண்டேலுக்கு வந்தார்கள். யூதர்கள் இன்னும் வடக்கே புறநகர்களுக்குப் போனார்கள். ஆவொண்டேலில் 1967, 1968-இல் நடந்த கலவரங்களுக்குப் பிறகு மிச்சமிருந்த சபைகளும் கிளம்பின. ஜோனாஸ் காலத்து பெனே இஸ்ரயேல் சபை 1969-இல் ஆம்பர்லி வில்லேஜில் புதுக் கட்டடம் கண்டது.

பிளம் தெருக் கோயில் மட்டும் நகர நடுவிலேயே நிற்கிறது. 1972 ஜூன் 3 அன்று அங்கேதான் சாலி பிரீசாண்ட் ரபியாகத் திருநிலைப்படுத்தப்பட்டார். அமெரிக்காவின் முதல் பெண் ரபி. அம்மாக்களை மாடத்திலிருந்து கீழே இறக்கி உட்கார வைத்தவரின் கோயில் அதற்குப் பொருத்தமான இடம்தான்.

2022 ஏப்ரலில் ஹீப்ரு யூனியன் கல்லூரியின் நிர்வாகக் குழு, சின்சினாட்டியில் ரபிகளைத் தங்கிப் படிக்கவைத்துப் பயிற்றுவிப்பதை 2026-க்குள் நிறுத்துவதென்று வாக்களித்தது. மாணவர் குறைவு, பணத் தட்டுப்பாடு என்று காரணம் சொன்னார்கள். அந்த வளாகத்தில்தான் 1947-இல் ஜேக்கப் ரேடர் மார்கஸ் நிறுவிய அமெரிக்க யூத ஆவணக் காப்பகம் இருக்கிறது. மட்டியில் தொடங்கும் அந்த 1883-ஆம் ஆண்டு உணவுப் பட்டியல் அங்கே பத்திரமாக உள்ளது.