கஸ்பா தந்த கலைஞர் முஹம்மது ஸினெத்

திரைப்படம் என்றாலே முகஞ்சுளிக்கும் பெரியவர்கள் நம் இல்லங்களில் உண்டு. அவர்களுடைய அச்சத்தில் நியாயமில்லை என்று கூறிவிட முடியாது. ஆயினும், அன்பு வாசகர்களே! தம் மக்கள் பட்ட துயரைத் தம் முகத்திலேயே எழுதிக் காட்டிய ஒரு நடிகரை நீங்கள் அறிந்துகொள்ளத்தான் வேண்டும். அவர்தாம் முஹம்மது ஸினெத்.

1932-ஆம் ஆண்டு, அல்ஜியர்ஸ் நகரின் கஸ்பாவில் அவர் பிறந்தார். படிக்கட்டுச் சந்துகளும் நெருங்கிய வீடுகளும் நிறைந்த பழம்பெரும் முஸ்லிம் குடியிருப்பு அது. 1830 முதல் அல்ஜீரியாவை அடக்கியாண்ட பிரான்சுக்கு எதிராக 1954-இல் விடுதலைப் போர் மூண்டது. ஸினெத்தும் களம் புகுந்தார், காயமுற்றார். பின்னர் துனீஸ் நகரில், விடுதலை முன்னணியின் நாடகக் குழுவில் சேர்ந்தார். 1962-இல் நாடு விடுதலை பெற்றது. 1966-இல் வெளிவந்து உலகப் புகழ் பெற்ற ‘அல்ஜியர்ஸ் போர்’ என்னும் படத்தில் உதவி இயக்குநராகவும் உழைத்தார்.

பிரெஞ்சுத் திரையுலகம் அவருக்குப் பெரும்பாலும் சிறு வேடங்களையே அளித்தது. இனவெறியைச் சாடிய ‘துய்பான் லஜுவா’ (1975) படத்தில் ஓர் அல்ஜீரியராக வந்தார். ஆஸ்கார் விருது பெற்ற ‘மதாம் ரோஸா’ (1977) படத்தில், பல்லாண்டுகளுக்குப் பின் தம் மகனைத் தேடி வரும் முஸ்லிம் தந்தை அவர். மகன் யூதனாக வளர்க்கப்பட்டான் என்று பொய்யுரைக்கக் கேட்டதும் அதிர்ந்து விழுந்து உயிர் துறக்கிறார். சில நிமிடங்களே தோன்றினாலும் அந்தத் தந்தையின் தவிப்பு நெஞ்சை விட்டு அகலாது.

எனினும் அவருடைய உண்மையான உயரத்தை, அவரே இயக்கிய ஒரே முழுநீளப் படமான ‘தஹ்யா யா தீதூ’வில் (1971) காணலாம். நகரின் அழகைக் காட்டும் விளம்பரப் படம் ஒன்றைத்தான் அல்ஜியர்ஸ் நகராட்சி கேட்டது. அவரோ நகரின் காயங்களையும் சேர்த்தே காட்டினார். படம் திரையரங்குகளுக்கு வரவில்லை.

அதில் ஒரு காட்சி. போர்க்காலத்தில் சித்திரவதை செய்த முன்னாள் பிரெஞ்சுச் சிப்பாய் ஒருவன் சுற்றுலாப் பயணியாக வருகிறான். உணவகத்தில் ஒருவர் தன்னையே உற்று நோக்குவதைக் காண்கிறான். அன்று தன் கையில் வதைபட்டவர்தாம் அவர்! நடுங்கிப்போய் எழுந்து ஓடுகிறான். பிறகுதான் நமக்குத் தெரிகிறது: அவர் பார்வையற்றவர்; அவனை அவர் காணவே இல்லை. அந்த வேடத்தை ஏற்றவர் ஸினெத்தேதான்.

எண்ணிப் பாருங்கள். அவர் பழி தூற்றவில்லை, கையோங்கவில்லை, ஒரு சொல்லும் உரைக்கவில்லை. அவனைத் துரத்தியது அவன் செய்த பாவமே. அநீதி இழைக்கப்பட்டவரின் பிரார்த்தனைக்கு அஞ்சுமாறு பெருமானார் (ஸல்) அவர்கள் எச்சரித்ததன் பொருள் இங்கே கண்முன் நிற்கிறது.

1995-இல் பிரான்சு மண்ணிலேயே ஸினெத் காலமானார். பணியாளாயினும் அண்டை வீட்டாராயினும், எவருடைய கண்களை நேருக்கு நேர் நோக்க நாம் அஞ்சுகிறோம்? அவருடைய ஹக்கை இன்றே தீர்த்துவிடுவோம். வல்ல அல்லாஹ் அதற்கு அருள்புரிவானாக!