வீட்டுக் கடன்: தவணை தெரியும், மொத்தம் தெரியுமா?

கம்ப்யூட்டர் வாங்கிய புதிதில் பாட்டு, படம், பிள்ளைகளுக்கு கேம்ஸ் என்று ஓடும். அதற்குப் பிறகு "வேறு என்ன செய்வது?" என்ற கேள்வி வரும். இந்த மாதம் உங்கள் கம்ப்யூட்டருக்கு ஒரு பெரிய வேலை கொடுப்போம். வாழ்நாளில் நாம் வாங்கும் மிகப் பெரிய பொருள் வீடு. அதற்காக வாங்கும் கடன் கடைசியில் நம்மிடமிருந்து எவ்வளவு எடுத்துக்கொள்கிறது என்பதை அரை மணி நேரத்தில் நாமே கணக்குப் போட்டுப் பார்த்துவிடலாம். கணக்கில் புலியாக இருக்க வேண்டியதில்லை. மவுஸ் பிடிக்கத் தெரிந்தால் போதும்.

நான் இருப்பது திருவொற்றியூரில். தெற்கே ராயபுரம், வடக்கே எண்ணூர் வரை துறைமுகமும் தொழிற்சாலைகளும் நிறைந்த பகுதி. ஷிப்ட் வேலை, ஓவர்டைம் சம்பளம் என்று வாழும் குடும்பங்கள் அதிகம். 2021 பிப்ரவரியில் மெட்ரோ ரயில் விம்கோ நகர் வரை வந்த பிறகு, வீட்டு விளம்பரங்களில் மெட்ரோ ஸ்டேஷனின் தூரமும், மாதத் தவணை எவ்வளவு என்பதும் பெரிய எழுத்தில் இருக்கும். மொத்தம் எவ்வளவு என்பது மட்டும் எந்த எழுத்திலும் இருக்காது.

எங்கள் தெருவில் ஒரு அண்ணன். எண்ணூர் பக்கம் தொழிற்சாலை வேலை, வயது 43. "தம்பி, 25 லட்சம் லோன், 20 வருஷம், வட்டி எட்டரை. தவணை வாடகையை விடக் கொஞ்சம்தான் கூட. வாங்கலாமா?" என்று கேட்டார். அவர் கணக்கையே நாம் உதாரணமாக எடுத்துக்கொள்வோம். உங்கள் வட்டி, உங்கள் தொகை எதுவோ அதைப் பிறகு மாற்றிப் போட்டுக்கொள்ளுங்கள்.

தவணையும் மொத்தமும்

எக்செல் இருந்தால் அதைத் திறங்கள். இல்லையென்றால் லிப்ரே ஆபீஸ் என்ற இலவசத் தொகுப்பில் உள்ள கால்க் போதும். இரண்டிலும் வேலை ஒன்றுதான்.

1. ஏ1 செல்லில் கடன் தொகை, ஏ2-வில் வட்டி, ஏ3-யில் மாதங்கள், ஏ4-இல் தவணை, ஏ5-இல் மொத்தம், ஏ6-இல் மொத்த வட்டி என்று பெயர்களை எழுதுங்கள்.

2. பி1-இல் 2500000, பி2-வில் 8.5%, பி3-யில் 240 என்று டைப் செய்யுங்கள். தொகையில் கமா வேண்டாம். வட்டியில் சதவீதக் குறியை மறக்க வேண்டாம்.

3. பி4 செல்லைக் கிளிக் செய்து, ஃபார்முலா பட்டைக்குப் பக்கத்தில் உள்ள எஃப்எக்ஸ் பட்டனை அழுத்துங்கள். ஃபைனான்ஷியல் பிரிவில் பி, எம், டி என்ற மூன்று எழுத்து ஃபங்ஷனைத் தேர்ந்தெடுங்கள். ரேட் பெட்டியில் பி2 செல்லைக் கிளிக் செய்து, ஸ்லாஷ் போட்டு 12. என்பெர் பெட்டியில் பி3. பிவி பெட்டியில் ஒரு மைனஸ் குறி, அடுத்து பி1. மற்ற பெட்டிகளைக் காலியாக விட்டு ஓகே கொடுங்கள்.

4. பி5-இல் சமக்குறி தட்டி, பி4 செல்லைக் கிளிக் செய்து, நட்சத்திரக் குறி போட்டு, பி3 செல்லைக் கிளிக் செய்து என்டர் தட்டுங்கள். பி6-இல் அதே முறையில் பி5 மைனஸ் பி1.

தவணை 21,696 ரூபாய் என்று வரும். மொத்தம் 52 லட்சத்து 7 ஆயிரம். அதில் வட்டி மட்டும் 27 லட்சத்து 7 ஆயிரம். வாங்கிய கடனை விட வட்டி அதிகம்!

இப்போது பி3-யில் உள்ள 240-ஐ மட்டும் மாற்றிப் பாருங்கள்.

15 ஆண்டு (180): தவணை 24,618. மொத்த வட்டி 19.31 லட்சம்.
20 ஆண்டு (240): தவணை 21,696. மொத்த வட்டி 27.07 லட்சம்.
30 ஆண்டு (360): தவணை 19,223. மொத்த வட்டி 44.20 லட்சம்.

20 ஆண்டை 30 ஆக்கினால் மாதம் 2,473 ரூபாய்தான் குறைகிறது. அதற்காகக் கூடுதலாகக் கட்டும் வட்டி 17 லட்சம். "தவணையைக் குறைத்துத் தருகிறோம்" என்று யாராவது சொன்னால், எத்தனை மாதம் கூடுகிறது என்பதுதான் உங்கள் முதல் கேள்வியாக இருக்க வேண்டும்.

பணம் எங்கே போகிறது?

பி3-யை மீண்டும் 240 ஆக்கிவிட்டு, மாதவாரி அட்டவணை போடுவோம். எட்டாவது வரிசையில் ஏ முதல் டி வரை மாதம், வட்டி, அசல், மீதி என்று தலைப்புகள். ஏ9-இல் 0. டி9-இல் சமக்குறி தட்டி பி1 செல்லைக் கிளிக் செய்து என்டர்.

பத்தாவது வரிசைதான் முக்கியம். ஒவ்வொரு செல்லிலும் சமக்குறியில் தொடங்குங்கள்.

ஏ10: ஏ9 பிளஸ் 1.
பி10: டி9 நட்சத்திரக் குறி பி2 ஸ்லாஷ் 12. பி2-வைக் கிளிக் செய்தவுடன் எஃப்4 கீயைத் தட்டுங்கள்; டாலர் குறிகள் விழும். அந்த செல் நகராமல் நிற்பதற்காக இது.
சி10: பி4 மைனஸ் பி10. இங்கும் பி4-க்கு எஃப்4 தட்ட வேண்டும்.
டி10: டி9 மைனஸ் சி10.

லேப்டாப்பில் எஃப்4 வேலை செய்யாவிட்டால் எஃப்என் கீயையும் சேர்த்துப் பிடியுங்கள். பிறகு ஏ10 முதல் டி10 வரை செலக்ட் செய்து, வலது கீழ் மூலையில் உள்ள சின்னச் சதுரத்தைப் பிடித்து 249-ஆம் வரிசை வரை இழுங்கள். டி249-இல் பூஜ்யம் வந்தால் உங்கள் அட்டவணை சரி. வராவிட்டால் எங்கோ டாலர் குறி விடுபட்டிருக்கிறது.

முதல் மாதத்தைப் பாருங்கள். 21,696 ரூபாயில் 17,708 வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 3,987 மட்டுமே. 69-ஆவது வரிசைக்குப் போனால் ஐந்து வருடம் முடிந்திருக்கும். கட்டியது 13 லட்சம். மீதிக் கடன் 22 லட்சத்து 3 ஆயிரம். அதாவது அசல் 3 லட்சம்கூடக் குறையவில்லை. அசலில் பாதி தீர 166 மாதம், கிட்டத்தட்ட 14 வருடம் ஆகிறது.

இதில் ஏமாற்று எதுவும் இல்லை. மீதியிருக்கும் அசலுக்குத்தான் வட்டி. ஆரம்பத்தில் அசல் பெரிது, அதனால் வட்டியும் பெரிது, அவ்வளவுதான்.

நம் அண்ணனுக்கு 58 வயதில் ஓய்வு. அதற்கு இன்னும் 15 வருடம், அதாவது 180-ஆவது மாதம். 189-ஆவது வரிசையில் மீதி எவ்வளவு? 10 லட்சத்து 57 ஆயிரம். கடைசிச் சம்பளம் வாங்கி வீட்டுக்கு வரும் நாளில் இவ்வளவு கடன் கையில் இருக்கும். கிராஜுவிட்டி அதற்கே போய்விடும். அவர் கேட்டது தவணை தாங்குமா என்று. கேட்க வேண்டியது, சம்பளம் நிற்பதற்கு முன் கடன் நிற்குமா என்று.

வட்டி ஏறினால்?

ஃப்ளோட்டிங் வட்டி நிலையாக நிற்பதில்லை. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் புதிதாகத் தரும் ஃப்ளோட்டிங் வீட்டுக் கடன்களை ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. ரெப்போ என்பது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி. 2020 மே மாதத்திலிருந்து 4 சதவீதமாக இருந்த அது, 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் 6.50 ஆனது. இரண்டு வருடம் அங்கேயே நின்றது. 2025-இல் படிப்படியாக இறங்கி டிசம்பரில் 5.25-க்கு வந்தது.

அந்த ஏற்றம் ஒரு கடனை என்ன செய்யும்? உதாரணமாக, பி2-வில் 6.75% போடுங்கள். தவணை 19,009. ஒரு வருடம் இப்படிக் கட்டிய பிறகு வட்டி ஒரேயடியாக 9.25 ஆனதாக வைத்துக்கொள்வோம். பி22-வில் சமக்குறி, டி21, நட்சத்திரக் குறி, 9.25%, ஸ்லாஷ் 12 என்று போட்டு, அந்த செல்லை மட்டும் கடைசி வரிசை வரை இழுங்கள்.

13-ஆவது மாதம் வட்டி மட்டும் 18,799. அசலில் கழிவது 210 ரூபாய். அதே தவணையைத் தொடர்ந்து கட்டினால் 240-ஆவது மாதத்தில் மீதி எவ்வளவு? 23 லட்சத்து 9 ஆயிரம்! இருபது வருடம் கட்டியும் 2 லட்சம்தான் தீர்ந்திருக்கும். கடன் முழுதும் தீர இன்னும் கிட்டத்தட்ட 30 வருடம் என்று கணக்கு வரும். முதலில் சொன்ன தேதிக்கே முடிய வேண்டுமானால் தவணை 22,749 ஆக வேண்டும்.

நிஜத்தில் வட்டி அதே உயரத்தில் நிற்கவில்லை. ஆனாலும் பாடம் மாறாது. தவணை ஏறவில்லை என்று நிம்மதியாக இருக்கும்போதே, மாதங்கள் சத்தமில்லாமல் கூடிக்கொண்டிருக்கலாம். 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்காகத் தனி உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்கு உண்டு. எத்தனை தவணை பாக்கி என்ற விவரத்தை மூன்று மாதத்துக்கு ஒருமுறை வங்கி தர வேண்டும். அந்த அறிக்கையில் முதலில் பார்க்க வேண்டியது பாக்கித் தவணை எண்ணிக்கையைத்தான்.

முன்கூட்டிக் கட்டினால்?

பி2-வை மறுபடி 8.5% ஆக்கி, பி10 செல்லை மீண்டும் கீழ் வரை இழுத்து அட்டவணையைப் பழையபடி ஆக்குங்கள். போனஸ் பணம் ஒரு லட்சத்தை இரண்டாவது வருடக் கடைசியில் கட்டுவதாக வைத்துக்கொள்வோம். 24-ஆவது மாதம் இருப்பது டி33-இல். அந்த ஃபார்முலாவின் கடைசியில் மைனஸ் 100000 சேர்த்து என்டர் தட்டுங்கள். மீதி மைனஸாக மாறும் மாதத்தில் கடன் முடிந்துவிட்டது என்று அர்த்தம். அதற்குக் கீழே உள்ள வரிசைகளை விட்டுவிடுங்கள். 221-ஆவது மாதமே முடிந்துவிடும். மிச்சமாகும் வட்டி சுமார் 3 லட்சத்து 29 ஆயிரம்.

அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் வருடக் கடைசியில் கட்டினால் மிச்சம் 50 ஆயிரத்துக்கும் கொஞ்சம் குறைவுதான். ஆகவே, கட்ட முடிந்தால் ஆரம்பத்திலேயே கட்டுங்கள்.

மொத்தமாகப் பணம் வராதவர்களுக்கு இன்னொரு வழி. வருடத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதல். தீபாவளி போனஸில் அதை ஒதுக்கினாலும் சரி. 20 வருடக் கடன் 16 வருடம் 9 மாதத்தில் தீரும். மிச்சம் 5 லட்சத்து 14 ஆயிரம். தனிநபர்களின் ஃப்ளோட்டிங் வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. பணம் கட்டும்போது "தவணை அப்படியே இருக்கட்டும், மாதங்களைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள்.

ஒரு எச்சரிக்கை. ஆஸ்பத்திரிச் செலவுக்கும், ஓவர்டைம் இல்லாத மாதங்களுக்கும் கையில் கொஞ்சம் வைத்துக்கொண்டு மீதியைக் கட்டுங்கள். ஓவர்டைமை நம்பித் தவணையை முடிவு செய்ய வேண்டாம். அடிப்படைச் சம்பளத்தில் தாங்குமா என்று பாருங்கள்.

அட்டவணையில் வராத செலவுகள்

தமிழ்நாட்டில் கைமாறும் பழைய வீட்டுக்கு முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம். 30 லட்ச ரூபாய் வீட்டுக்கு 2 லட்சத்து 70 ஆயிரம். இதற்குப் பொதுவாகக் கடன் கிடைக்காது, சொந்தக் காசுதான். பிராசஸிங் கட்டணம், வக்கீல் கட்டணம், பத்திரத்தை வங்கியில் ஒப்படைப்பதைப் பதிவு செய்யும் செலவு, இன்சூரன்ஸ் ஆகியவை தனி. ராயபுரம், காசிமேடு, திருவொற்றியூர் போன்ற கடலோரத்தில் உப்புக்காற்று கம்பியையும் கிரில்லையும் அரிக்கும். பெயின்ட், பூச்சு வேலைக்கும் ஒரு வரி ஒதுக்குங்கள். வருமான வரியில் பழைய முறையைத் தேர்ந்தெடுப்பவர்களுக்கு, சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டின் வட்டியில் வருடம் 2 லட்சம் வரை கழிவு உண்டு. புதிய முறையில் அந்தக் கழிவு கிடையாது.

கையெழுத்துக்கு முன்

2024 அக்டோபர் 1 முதல் புதிய கடன் எதற்கும் முக்கிய விவரங்கள் அடங்கிய ஒரு தாளை வங்கி உங்களுக்குத் தர வேண்டும். கட்டணங்களையும் சேர்த்த உண்மையான ஆண்டு வட்டி அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட விளம்பர வட்டியை விட்டுவிட்டு இந்த எண்ணைப் பாருங்கள். அந்தத் தாளில் உள்ள தொகையையும் மாதங்களையும் உங்கள் ஷீட்டில் போட்டு, தவணை ஒத்துப்போகிறதா என்றும் சோதியுங்கள்.

கடன் தீர்ந்த பிறகும் ஒரு வேலை பாக்கி. முழுப் பணமும் கட்டிய 30 நாளுக்குள் பத்திரங்களை வங்கி திருப்பித் தர வேண்டும். 2023 டிசம்பர் 1 முதல், வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும்.

ஷீட்டை சேவ் செய்து, ஒரு காப்பியைப் பென்டிரைவிலும் வையுங்கள். வட்டி மாறியதாக வங்கியிலிருந்து தகவல் வரும் ஒவ்வொரு முறையும் அதைத் திறந்து, நீங்கள் ஓய்வு பெறும் மாதத்தின் வரிசையில் மீதி எவ்வளவு என்று பாருங்கள். அண்ணன் 15 வருடத்துக்கு, 24,618 ரூபாய் தவணையில் விண்ணப்பம் கொடுத்திருக்கிறார். வீடு கொஞ்சம் சின்னதானாலும் பரவாயில்லை, கடனையும் 25 லட்சத்திலிருந்து குறைக்கலாமா என்று பி1 செல்லில் எண்களை மாற்றிப் பார்த்துக்கொண்டிருக்கிறார்.